எல்லைக் கல்லின் இருபுறமும்

எல்லைத் தகராறு என்றதும் பனி மூடிய மலைகளும் முள்வேலிகளும் துப்பாக்கி ஏந்திய காவலருமே நம் நினைவுக்கு வருகின்றன. 1947ஆம் ஆண்டு முதல் அரசுகள் உரிமை கோரி நிற்கும் காஷ்மீரம் அத்தகைய பிரதேசம். 1871, 1918, 1940, 1945 என முக்கால் நூற்றாண்டுக்குள் நான்கு முறை பிரான்சுக்கும் ஜேர்மனிக்குமிடையே கைமாறிய அல்சேஸ் லொரேனும் அத்தகையதே. இப்பிரதேசங்களின் வரலாற்றைப் படிப்போர் ஓர் உண்மையை எளிதிற் காண்பர். உரிமை கோரும் அரசுகள் பழைய பட்டயங்களையும் உடன்படிக்கைகளையும் சான்றாக நீட்டும். அந்த மண்ணில் திராட்சை பயிரிடுபவனையோ ஆடு மேய்ப்பவனையோ அழைத்து வாக்குமூலம் கேட்பது அரிது.

நாம் வாழும் ஊவா மாகாணத்தில் இரு தேசங்கள் சந்திக்கும் எல்லை எதுவும் இல்லை. ஆயினும் ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாகத் தீர்க்கப்படாத எல்லைத் தகராறு ஒன்று இங்கே உண்டு. அதன் எல்லைக்கோடு சில இடங்களில் ஓர் ஓடை. சில இடங்களில் பாசி படர்ந்த ஒரு கல். சில இடங்களில் தேயிலை நிரை முடிந்து பலாவும் கித்துளும் தொடங்கும் இடம். அக்கோட்டின் ஒருபுறம் தோட்டம், மறுபுறம் கிராமம்.

பதுளையிலிருந்து பார்ப்பவருக்கு நமுனுகுல மலை நன்கு தெரியும். ஒன்பது சிகரங்கள் என்று பொருள் கூறப்படும் சிங்களப் பெயர் அது. உயரம் ஏறத்தாழ 6,680 அடி. அதன் சரிவுகளில் தேயிலை, தேயிலைக்குள் லயங்கள், பள்ளத்தில் படிப்படியாக இறங்கும் வயல்களும் சிங்களக் கிராமங்களும். லயத்தில் வாழும் நம் மக்கள் அக்கிராமங்களை ‘நாடு’ என்றே சொல்வது வழக்கம். பலாக்காய் வாங்கச் செல்பவர் ‘நாட்டுக்குப் போய் வருகிறேன்’ என்று சொல்லிவிட்டு இறங்குவார். எமது வகுப்பில் ஒரு மாணவி ஒருநாள் எழுந்து, “சேர், அது நாடு என்றால் நாங்கள் இருப்பது என்ன?” என்று கேட்டாள். வகுப்பு சிரித்தது. அன்று எம்மால் விடை கூற இயலவில்லை. அவளுக்குக் கூறியிருக்க வேண்டிய விடையைத் தேடும் முயற்சியே இக்கட்டுரையாகும்.

முதலில் எல்லைக்குக் கீழே வாழ்வோரின் வழக்கைக் கேட்போம். தோட்டத்து மக்களின் துயரைப் பற்றிப் பேசும் நம்மிற் பலர் அதைக் கேட்க விரும்புவதில்லை. ஆதலாலேயே அதனை முதலிற் கேட்பது நேர்மையாகும்.

1815 மார்ச் 2ஆம் திகதிய உடன்படிக்கையின் மூலம் கண்டி இராச்சியம் பிரித்தானிய முடியின் வசமாயிற்று. இரண்டு ஆண்டுகள் கழிந்து, 1817இல், ஊவாவும் வெல்லஸ்ஸவும் கிளர்ந்தெழுந்தன. கிளர்ச்சியை அடக்க அனுப்பப்பட்ட கெப்பெட்டிபொல திசாவை, ஆங்கிலேயர் கொடுத்த ஆயுதங்களைத் திருப்பி அனுப்பிவிட்டுக் கிளர்ச்சிக்கே தலைமை தாங்கினார். 1818 நவம்பர் 26இல் கண்டியில் சிரச்சேதம் செய்யப்பட்டார். ஆளுநர் பிரவுன்றிக்கின் படைகள் ஊர்களைக் கொளுத்தின, பயிரை அழித்தன, கால்நடைகளைக் கொன்றன. இலட்சம் வயல்கள் என்று பொருள் கூறப்படும் வெல்லஸ்ஸ பாழ்நிலமாயிற்று. இங்கே மனங்கொள்ளத்தக்க செய்தியொன்று உண்டு. அக்கிளர்ச்சி, அரசுரிமை கோரிய வில்பாவ என்பவரைச் சுற்றி எழுந்தது. அவர் தம்மை நாயக்கர் வம்சத்துத் துரைசாமி என்று அறிவித்துக்கொண்டவர். தென்னிந்திய வம்சத்தான் என்று சொல்லி வந்த ஒருவரின் பெயரால் ஊவாவின் சிங்கள விவசாயி உயிர்கொடுக்கத் துணிந்தான். கடலுக்கு அப்பாலிருந்து வந்த வழியினன் எல்லாம் பகைவன் என்ற எண்ணம் இம்மண்ணில் தானாக முளைத்ததன்று என்பதற்கு இதுவும் ஒரு சான்றாகும்.

வாளுக்குத் தப்பியதைப் பின்னர் சட்டம் பறித்தது. 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க முடிக்குரிய காணி அத்துமீறற் கட்டளைச் சட்டம், காடும் தரிசும் பயிரிடப்படாத காணியும், மாறாக நிரூபிக்கப்படும்வரை, முடிக்குரியவை எனக் கொள்ளப்படும் என்று விதித்தது. கண்டிப் பகுதிகளில் சேனைக் காணிக்கு உரிமை கோருபவன் அரசன் வழங்கிய சன்னஸையோ, வழமையான வரி செலுத்தியதற்கான ஆதாரத்தையோ காட்ட வேண்டும். பாட்டன் காலந்தொட்டு மாடு மேய்த்த புல்வெளிக்கும், சில ஆண்டுகளுக்கொருமுறை குரக்கன் விதைத்த சேனைக்கும் யாரிடம் பத்திரம் இருக்கும்? அவ்வாறு முடிக்குரியதாக்கப்பட்ட காணி, தொடக்க ஆண்டுகளில் ஏக்கர் ஐந்து சிலிங் என்ற விலைக்குக் கோப்பித் தோட்டக்காரருக்கு விற்கப்பட்டது. வாங்கியோரில் அரசாங்கத்தின் உயர் உத்தியோகத்தரும் இருந்தனர்.

தோட்டங்கள் வயல்களை விழுங்கவில்லை என்றும், கிராமத்தவரின் இழப்பு மிகைப்படுத்தப்பட்டது என்றும் வாதிடும் வரலாற்றாசிரியர் உளர். அவர்கள் கூற்றில் ஓரளவு உண்மையுண்டு. கோப்பியும் தேயிலையும் பெரும்பாலும் மேட்டு நிலத்திலேயே நடப்பட்டன. ஆனால் மேடு இன்றி வயல் இல்லை. எருமைக்குப் புல்லும், அடுப்புக்கு விறகும், மழை பொய்த்த ஆண்டில் உயிர்காத்த சேனைத் தானியமும் மேட்டிலிருந்தே வந்தன. மேட்டை இழந்த கிராமம் பெருகுவதற்கு இடமின்றி நெருங்கிப் போயிற்று. கண்டி விவசாயிகளின் நிலையை ஆராய்ந்த ஆணைக்குழு 1951இல் தன் அறிக்கையை வெளியிட்டபோது, ஒரு நூற்றாண்டு வறுமையே அதன் பொருளாக இருந்தது. ஆகவே, மேலே பச்சைப் பசேலென விரிந்து கிடக்கும் தேயிலையைக் கிராமத்தவன் அண்ணாந்து பார்க்கும்போது அவன் நெஞ்சில் எழும் குமுறல் பொய்யன்று.

இனி எல்லைக்கு மேலே வாழ்வோரின் வழக்கு. கண்டிக் கிராமத்தவன் தோட்டத்தில் நிரந்தரக் கூலியாக வேலை செய்ய விரும்பவில்லை. தனக்கென ஒரு துண்டு வயல் உள்ளவன் பிறர் தோட்டத்துப் பெரட்டுக் களத்தில் ஏன் வந்து நிற்கப் போகிறான்? ஆகவே பஞ்சமும் கடனும் சாதிக் கொடுமையும் வாட்டிய தமிழகக் கிராமங்களிலிருந்து கங்காணிகள் வழியாக மக்கள் திரட்டப்பட்டனர். மன்னார்க் கரையில் இறங்கிக் காட்டு வழியே மாத்தளையை நோக்கி நடந்தோரிற் பலர் வழியிலேயே மாண்டனர். 1869இல் தோன்றிய இலைநோய் கோப்பியை அழித்தது. அதன் இடத்துக்குத் தேயிலை வந்தது. தேயிலை ஆண்டு முழுவதும் கொழுந்து தரும் பயிர். ஆதலால் பருவத்துக்கு வந்து மீண்டவர்கள் குடும்பத்தோடு தங்கலாயினர். 1924இல் புகையிரதப் பாதை பதுளையை எட்டியது. அப்பாதை ஏற்றிச் சென்ற தேயிலைப் பெட்டிகளில் நமுனுகுலச் சரிவின் உழைப்பும் இருந்தது.

இம்மக்கள் எவருடைய காணியையும் பறிக்க வரவில்லை. தாம் மிதிக்கும் மண் முன்னர் இன்னொருவனின் சேனையாக இருந்தது என்பதை அவர்களுக்கு எடுத்துக் கூறியவரும் இல்லை. காணி அவர்களுக்கு உரியதாகவும் இல்லை. லயத்து அறைகூடத் தோட்டத்துக்கே உரியது. வேலை போனால் அறையும் போகும். அவர்கள் கைக்கு வந்தது கூலி மட்டுமே.

1947ஆம் ஆண்டுத் தேர்தலில் இம்மக்களின் வாக்கு இலங்கை இந்தியக் காங்கிரசுக்கு ஏழு ஆசனங்களைப் பெற்றுத் தந்தது. வேறு பல தொகுதிகளில் அது இடதுசாரி வேட்பாளருக்குத் துணை நின்றது. அடுத்த ஆண்டே 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் நிறைவேறியது. அதன்படி, இலங்கையில் பிறந்த ஒருவர் வம்சாவளிப் பிரஜையாவதற்குத் தம் தகப்பன் இலங்கையில் பிறந்ததையோ, பாட்டனும் பூட்டனும் இலங்கையில் பிறந்ததையோ காட்ட வேண்டும். பிறப்பைப் பதிவு செய்வது அரிதாயிருந்த காலத்தில் லயத்தில் பிறந்த தகப்பனுக்கு எங்கே சான்றிதழ் தேடுவது? 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய பாகிஸ்தானியர் வதிவிடச் சட்டத்தின் கீழ் ஏறத்தாழ 825,000 பேருக்காக விண்ணப்பங்கள் செய்யப்பட்டன. ஏற்றுக்கொள்ளப்பட்டோர் ஏறத்தாழ 134,000 பேரே. வாக்குரிமையும் அதே 1949இல் பறிபோயிற்று. வடக்கின் தமிழ்த் தலைமையும் இவ்விடயத்தில் பிளவுண்டது என்பதை நாம் மறைத்தல் ஆகாது.

இவ்விரு வழக்குகளையும் அருகருகே வைத்துப் பார்ப்போமாயின், அவை ஒரே அச்சில் வார்க்கப்பட்டவை என்பது புலனாகும். 1840ஆம் ஆண்டுச் சட்டம் விவசாயியை நோக்கி, ‘இக்காணி உன்னுடையது என்பதை நீயே நிரூபி, நிரூபிக்கும்வரை அது முடிக்குரியது’ என்றது. 108 ஆண்டுகளின் பின் வந்த சட்டம் தொழிலாளியை நோக்கி, ‘நீ இந்நாட்டுக்கு உரியவன் என்பதை நீயே நிரூபி, நிரூபிக்கும்வரை நீ எந்நாட்டுக்கும் உரியவன் அல்லன்’ என்றது. இரண்டு சட்டங்களும் வாழ்வைச் சான்றாக ஏற்கவில்லை. காகிதத்தையே சான்றாகக் கேட்டன. காகிதம் யாரிடம் இராதோ அவரிடமே கேட்டன. கிராமத்து விவசாயியிடமும் பாட்டனின் பிறப்புச் சான்றிதழ் இருந்திராது. ஆயினும் 1948இல் அவனிடம் அதனை எவரும் கேட்கவில்லை. அவனிடம் கேட்க வேண்டியதை 1840இலேயே கேட்டு முடித்துவிட்டார்கள்.

ஆகவே இங்கு எழும் அறவியற் பிரச்சினை ‘மலை யாருக்குச் சொந்தம்?’ என்பது மட்டுமன்று. ‘நிரூபிக்கும் சுமை யார் தோளில் இருக்க வேண்டும்?’ என்பதே அதனினும் ஆழமான கேள்வியாகும். ஓர் ஏழையைப் பார்த்து ‘நீ இங்கே இருக்க என்ன ஆதாரம்?’ என்று கேட்கும் அதிகாரம், தான் அங்கே இருப்பதற்கான ஆதாரத்தை என்றேனும் காட்டியதுண்டா? முடிக்குரியது என்றார்கள். அந்த முடிக்கு நமுனுகுலவை எழுதிக் கொடுத்தவர் யார்?

உரிமைக்கு அடிப்படையாகப் பொதுவாகக் கூறப்படும் வாதங்கள் மூன்று. அவற்றை ஒவ்வொன்றாக நிறுத்துப் பார்ப்போம்.

முதலில் வந்தவனுக்கே மண் உரியது என்பது ஒரு வாதம். இதனைச் சொல்வோர் பெரும்பாலும் தமக்கு வசதியான ஓர் ஆண்டிலேயே வரலாற்றைத் தொடங்குவர். உண்மையாகவே முந்தியவரைத் தேடினால், இதே பதுளை மாவட்டத்தின் மகியங்கனைப் பகுதியிலுள்ள தம்பானைக்குச் செல்ல வேண்டும். அங்கே வாழும் வேடுவருக்கு இந்நாடு என்ன செய்தது? 1983இல் மதுரு ஓயா தேசிய பூங்கா பிரகடனப்படுத்தப்பட்டபோது அவர்கள் தலைமுறை தலைமுறையாக வேட்டையாடிய காடு அவர்களுக்கே தடைசெய்யப்பட்டது. முதலில் வந்தோருக்கே உரிமை என்று மேடையில் முழங்குவோர் தம்பானைக்கு ஓர் ஏக்கர் காட்டையேனும் திருப்பிக் கொடுத்துவிட்டு முழங்குவாராக.

சட்டம் தந்ததே உரிமை என்பது இரண்டாவது வாதம். அவ்வாறாயின் ஐந்து சிலிங் கொடுத்து வாங்கிய துரையின் உறுதியே எல்லாவற்றினும் செம்மையானது. கெப்பெட்டிபொலவும் அவருடைய தோழரும் 1818இல் வர்த்தமானியில் துரோகிகள் எனப் பிரகடனம் செய்யப்பட்டனர். அப்பிரகடனம் 2016இலேயே இரத்துச் செய்யப்பட்டது. ஏறத்தாழ இரு நூற்றாண்டுகள் சட்டத்தின் ஏட்டில் துரோகியாக இருந்தவரை மக்கள் தம் நெஞ்சில் வீரராகவே வைத்திருந்தனர். சட்டத்தின் சொல்லும் நீதியின் சொல்லும் எப்போதும் ஒன்றல்ல என்பதை ஊவா மண் நன்கறியும்.

உழைப்பே உரிமை என்பது மூன்றாவது வாதம். இது நம்முடைய வாதம். உழுபவனுக்கே நிலம் என்ற முழக்கத்தில் வளர்ந்தவர்கள் நாம். ஆயினும் இதனையும் கண்ணை மூடிக்கொண்டு ஏற்றல் தகாது. பறித்த காணியில் கூலிக்கு ஆள் வைத்து உழைப்பித்தால் பறித்த குற்றம் கழுவப்பட்டுவிடுமா? கழுவப்படுமாயின் ஒவ்வொரு கொள்ளைக்காரனும் சில தொழிலாளரை அமர்த்திப் புனிதனாகிவிடலாம். தொழிலாளியின் உழைப்பு, காணியை இழந்த விவசாயிக்கு எதிரான உரிமையைத் தருவதில்லை. ஒருவனிடமிருந்து காணியையும் மற்றவனிடமிருந்து உழைப்பையும் பெற்று, இரண்டின் பயனையும் கப்பலேற்றியவனுக்கு எதிராகவே அது உரிமை தருகிறது. அந்த இடத்தில் விவசாயியின் வழக்கும் தொழிலாளியின் வழக்கும் ஒரே வழக்காகின்றன. பிரதிவாதியும் ஒருவனே.

இதனை இருசாராரும் காணாதிருக்கும்படி அரசியல் பார்த்துக்கொண்டது. 1946இல் கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மியர் தோட்டம் கிராம விஸ்தரிப்புக்கெனச் சுவீகரிக்கப்பட்டது. காணியற்ற கிராமத்தவருக்குக் காணி கொடுத்தல் நியாயமே. ஆனால் அங்கே பிறந்து வளர்ந்த தொழிலாளர் வெளியேற்றப்படலாயினர்; மறுத்தோர் அத்துமீறிய குற்றவாளிகளாக வழக்கில் நிறுத்தப்பட்டனர். முன்னர் கிராமத்தவனைச் சுட்டிய அதே ‘அத்துமீறல்’ என்ற சொல் இப்போது தொழிலாளியைச் சுட்டியது. 1977 மே 11இல் நுவரெலியா மாவட்டத்து டெவன் தோட்டத்தில், தோட்டக் காணிகளைப் பங்கிடுவதை எதிர்த்து நின்ற தொழிலாளர் மீது பொலிஸார் சுட்டபோது சிவனு லெட்சுமணன் உயிர்நீத்தார். ஒவ்வொரு முறையும் ஓர் ஏழைக்குச் செய்த அநீதிக்கு இன்னோர் ஏழையைக் கொண்டே ஈடு செய்ய முயன்றனர். இடையே இலாபம் ஈட்டியோரின் கணக்குப் புத்தகத்தை எவரும் திறக்கவில்லை.

நாம் சார்ந்துள்ள இடதுசாரி இயக்கத்தின் பங்கையும் இங்கே கூறாதுவிடல் நேர்மையாகாது. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தை இடதுசாரிகள் பாராளுமன்றத்தில் எதிர்த்தனர்; அது அவர்களுக்கு என்றும் பெருமை. 1958இல் பிலிப் குணவர்தன கொண்டுவந்த நெற்காணிச் சட்டம் குத்தகை விவசாயிக்குப் பாதுகாப்பளிக்க முயன்றது. ஆனால் உழுபவனுக்கே நிலம் என்ற முழக்கம் தோட்டத்து எல்லைக் கல்லின் அருகே வந்ததும் குரல் தாழ்ந்தது. 1972இல் தனியார் காணிக்கு 50 ஏக்கர் உச்சவரம்பு விதிக்கப்பட்டது; 1975இல் கம்பனித் தோட்டங்களும் அரசுடைமையாயின. இடதுசாரிக் கட்சிகள் பங்கேற்ற அரசாங்கம் அது. பெருந்தோட்ட அமைச்சு 1970 முதல் 1975 வரை கொல்வின் ஆர். டி சில்வாவிடம் இருந்தது. அதே காலத்தில், 1973இலும் 1974இலும், தோட்டங்களில் மக்கள் பசியால் மாண்டனர். காணிச் சீர்திருத்தத்தால் அத்தேயிலையை நட்டவன் பேரன் ஒரு முழக் காணிக்கும் சொந்தக்காரன் ஆகவில்லை. நிருவாகம் 1992இல் மீண்டும் கம்பனிகளிடம் சென்றது. இதனைக் கூறுவது பழி தூற்றுவதற்காக அன்று. வாக்கற்றவனுக்காகப் பேசுவதால் வாக்குக் குறையும் என்று அஞ்சும் கணத்தில் எந்தக் கொள்கையும் தளர்ந்துவிடும் என்பதை நாம் கற்றுக்கொள்வதற்காகவே.

இவற்றினும் விசித்திரமானது 1964 அக்டோபர் 30இன் சிறிமா சாஸ்திரி ஒப்பந்தம். தகராறுக்குரிய பிரதேசங்களில் அரசுகள் மண்ணுக்காகப் போட்டியிடும்; மண்ணோடு மக்களையும் தமதென்று கூறும். இங்கோ இரு அரசுகள் மக்களை யார் ஏற்பது என்பதற்காகப் பேரம் பேசின. 975,000 பேரில் 525,000 பேர் இந்தியாவுக்கு. 300,000 பேர் இலங்கைக்கு. மீதி 150,000 பேரைப் பற்றிப் பின்னர் பேசலாம் என்று எழுதினார்கள். 1974இல் அந்த மீதியும் 75,000 வீதம் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டது. அப்பேச்சில் அம்மக்களின் தெரிவு கேட்கப்படவில்லை. தலைமன்னாரில் கப்பலேறி இராமேஸ்வரத்தில் இறங்கிய குடும்பங்களிற் பல, கூடலூரிலும் கோத்தகிரியிலும் மீண்டும் தேயிலைத் தோட்டங்களுக்கே வந்து சேர்ந்தன. இங்கே ‘இந்தியாக்காரன்’ எனப்பட்டவன் அங்கே ‘சிலோன்காரன்’ எனப்பட்டான்.

1988ஆம் ஆண்டுச் சட்டமும் 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டமும் இங்கே எஞ்சியோரின் நாடற்ற நிலையை ஏட்டளவில் நீக்கின. ஆனால் எல்லைக் கல் பெயர்க்கப்படவில்லை. பிரதேச சபைகள் தோட்டத்துக்குள் ஒரு பாதையைத் திருத்துவதற்குக்கூட 1987ஆம் ஆண்டுச் சட்டம் தடையாக இருந்தது. அது திருத்தப்பட 2018 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. வாக்குக் கேட்டு வந்தவர் அதற்கு முன்னரே எல்லையைக் கடந்து வந்துகொண்டிருந்தார்.

காணி இன்மை என்பது வெறும் உணர்ச்சிப் பிரச்சினை அன்று, உயிர்ப் பிரச்சினை. 2014 அக்டோபர் 29 காலை, இதே மாவட்டத்தில் கொஸ்லாந்தையை அடுத்த மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களைப் புதைத்தது. அவ்விடம் ஆபத்தானது என்று முன்னரே எச்சரிக்கப்பட்டிருந்தது. ‘எச்சரித்தும் போகவில்லையே’ என்று சிலர் பேசினர். சொந்தமாக ஓரடி மண் இல்லாதவன் எங்கே போவான் என்று அவர்கள் கேட்கவில்லை. 2015இன் பின்னர் தனி வீட்டுக்கு ஏழு பேர்ச்சஸ் என்ற அளவு பேசப்படலாயிற்று. ஓர் ஏக்கர் 160 பேர்ச்சஸ் கொண்டது. நான்கைந்து தலைமுறைகள் ஏக்கர் ஏக்கராகப் பச்சையாக்கிய மக்களுக்கு அந்த ஏழு பேர்ச்சஸும் இன்னும் முழுமையாகக் கிடைத்துவிடவில்லை. 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் வந்தபோது பதுளை மாவட்டத்துச் சரிவுகள் மீண்டும் இடிந்தன. இம்முறை கிராமமும் புதைந்தது, தோட்டமும் புதைந்தது. சரிந்த மண் எல்லைக் கல்லையும் சேர்த்தே இழுத்துச் சென்ற இடங்கள் இருந்திருக்கும்.

அம்மாணவியின் கேள்விக்கு இப்போது விடை கூறலாம். ‘நீ இருப்பதும் நாடுதான், அதற்கு நீ எவரிடமும் சான்று காட்ட வேண்டியதில்லை’ என்பது விடையின் முதற்பாதி. அவ்வளவோடு நிறுத்தினால் அவளுக்கு ஆறுதல் சொன்னவராவோமேயன்றிக் கல்வி கொடுத்தவராகோம். ‘நீ நாடு என்று அழைக்கும் அக்கிராமத்திடமும் ஒருகாலத்தில் சான்று கேட்டார்கள், காட்ட இயலாமல் அது இழந்த மண்ணின் மீதே உன் லயம் நிற்கிறது, இதில் உன் பாட்டிக்கும் குற்றமில்லை, அவர்கள் பாட்டிக்கும் குற்றமில்லை’ என்பது மறுபாதி. இதே விடையைக் கிராமத்துப் பாடசாலையின் சிங்கள மாணவனும் தன் ஆசிரியரிடமிருந்து தன் மொழியிற் கேட்க வேண்டும். அவன் ஊவாக் கிளர்ச்சியை அறிவான், 1948ஐ அறியான். நம் மாணவர் 1948ஐ அறிவர், வெல்லஸ்ஸவை அறியார்.

ஆசிரியரும் ஆசிரியராகப் போகும் மாணவருமான வாசகரிடம் நாம் வேண்டுவது சிறிய காரியமே. அடுத்த தவணையில் 1840ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தையும் 1948ஆம் ஆண்டுச் சட்டத்தையும் ஒரே நாளில், ஒரே கரும்பலகையில், பக்கம் பக்கமாக எழுதிக் கற்பித்துப் பாருங்கள். அயற்கிராமப் பாடசாலையில் ஓர் ஆசிரிய நண்பர் இருப்பாராயின் அவரையும் அவ்வாறே செய்யுமாறு கேளுங்கள். காணியும் வீடும் உறுதியும் போராடியே பெற வேண்டியவை. அப்போராட்டத்துக்குத் தோட்டமும் கிராமமும் ஒன்றாக நிற்க வேண்டும். ஒன்றாக நிற்க வேண்டியோர் முதலில் ஒருவர் வழக்கை ஒருவர் கேட்டிருக்க வேண்டும்.